கொரிய மாட்டுவால் சூப்: கழுவுவதில் பாதி, கொதியில் மீதி

கொரியாவில் ‘கோரி கோம்தாங்’ என்று ஒரு சூப் உண்டு. மாட்டு வாலை மணிக்கணக்கில் கொதிக்கவைத்து, மசாலா எதுவும் சேர்க்காமல், உப்பும் மிளகும் வெங்காயத்தாளும் மட்டும் தூவிச் சோற்றோடு சாப்பிடுவது. ‘கோரி’ என்றால் வால். இதை வீட்டில் செய்வது பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு எங்கள் சமையல் குழு இந்த இதழில் பதில் சொல்கிறது.

முதல் முறையாகச் செய்யப் போகிறேன். நான்கு பேருக்கு அளவும் செய்முறையும் முழுமையாகச் சொல்ல முடியுமா? (வாசகி, சென்னை)

வால் ஒன்றரை கிலோ. ஐந்து சென்டிமீட்டர் நீளத் துண்டுகளாக வாங்குங்கள். முள்ளங்கி அரை கிலோ, பெரிய வெங்காயம் ஒன்று, பூண்டு பத்துப் பல், கட்டைவிரல் அளவு இஞ்சி, முழு மிளகு ஒரு தேக்கரண்டி, வெங்காயத்தாள் நான்கைந்து. தாளின் வெள்ளைப் பகுதி பானைக்கு, பச்சைப் பகுதி கிண்ணத்துக்கு. பானை எட்டு லிட்டர் கொள்வதாக இருக்கட்டும். சின்னப் பானையில் நுரை பொங்கி அடுப்பில் வழியும், தண்ணீரும் சீக்கிரம் வற்றும்.

வாலின் மேலே தடிமனாக ஒட்டியிருக்கும் கொழுப்பைக் கத்தியால் வழித்தெடுங்கள். முழுவதும் எடுக்க வேண்டாம். துண்டுகளுக்கு நடுவே இருக்கும் மெல்லிய கொழுப்பு அப்படியே இருக்கட்டும். பிறகு குளிர்ந்த தண்ணீரில் இரண்டு முதல் மூன்று மணி நேரம் ஊறவைத்து, அரை மணிக்கு ஒரு தரம் தண்ணீரை மாற்றுங்கள். முதல் தண்ணீர் நன்றாகச் சிவந்திருக்கும், நான்காவது தண்ணீர் லேசான ரோஜா நிறத்துக்கு வந்துவிடும். நம் ஊர் வெயிலில் மூன்று மணி நேரம் வெளியே வைக்காதீர்கள். பாத்திரத்தைக் குளிர்பெட்டிக்குள் வையுங்கள், அல்லது தண்ணீரில் ஐஸ் கட்டி போடுங்கள்.

ஊறிய வாலைப் புதுத் தண்ணீரில் போட்டு அடுப்பில் ஏற்றி, கொதி வந்த பின் பத்து நிமிடம் விடுங்கள். சாம்பல் நிற நுரை திரண்டு வரும். அந்தத் தண்ணீரை முழுவதுமாகக் கொட்டிவிட வேண்டும். சத்து போய்விடுமே என்று தயங்க வேண்டாம், அதில் இருப்பது பெரும்பாலும் உறைந்த இரத்தமும் அழுக்கும்தான். ஒவ்வொரு துண்டையும் குழாயடியில் பிடித்து, எலும்பின் இடுக்கில் கறுப்பாக ஒட்டியிருப்பதை விரலால் தேய்த்து எடுங்கள். பானையையும் தேய்த்துக் கழுவுங்கள். பலர் வாலை மட்டும் கழுவிவிட்டு அதே பானையில் திரும்பப் போட்டுவிடுகிறார்கள். பானையின் விளிம்பில் காய்ந்து ஒட்டிய நுரையெல்லாம் மறுபடி சூப்பிலேயே கரையும்.

இனி வாலும் ஐந்து லிட்டர் தண்ணீரும். கொதி வந்ததும் மேலே வரும் நுரையைக் கால் மணி நேரம் கரண்டியால் எடுத்துக்கொண்டே இருங்கள். நுரை அடங்கியதும் வெங்காயம், பூண்டு, இஞ்சி, மிளகு, தாளின் வெள்ளைப் பகுதி ஆகியவற்றைத் துணியில் முடிந்து போடுங்கள். மூடியைச் சாய்த்து மூடி மூன்று முதல் மூன்றரை மணி நேரம். துணி முடிச்சை ஒன்றரை மணி நேரத்தில் எடுத்துவிடலாம், அதற்கு மேல் அது தர ஒன்றும் இல்லை. முள்ளங்கியைப் பெரிய துண்டுகளாகக் கடைசி நாற்பது நிமிடத்தில் போடுங்கள். ஆரம்பத்திலேயே போட்டால் கரைந்து சூப்பைக் கலக்கிவிடும், ஒரு மந்தமான வாடையும் ஏறும். வெந்த முள்ளங்கியை எடுத்து மெல்லிய வில்லைகளாக நறுக்கிக் கிண்ணத்தில் சேர்ப்பது வழக்கம். எலும்பு தண்ணீருக்கு மேலே தெரிந்தால் கொதிக்கும் தண்ணீரை மட்டுமே ஊற்றுங்கள். முடிவில் மூன்று லிட்டரை ஒட்டி நிற்க வேண்டும்.

பானையில் உப்பு போடவே கூடாது. காரணம் பின்னால் வருகிறது.

நான்கு மணி நேரம் கொதித்தும் என் சூப் பால் வெள்ளையாக வரவில்லை. ஒரு தரம் டீத்தண்ணி போல, மறு தரம் சாம்பல் நிறமாக. எங்கே தவறு? (வாசகர், திருச்சி)

இரண்டும் வெவ்வேறு தவறுகள். முதலில் வெள்ளை எப்படி வருகிறது என்று பார்த்துவிடுவோம்.

வாலிலும் எலும்பிலும் கொலாஜன் என்ற புரதம் நிறைய. நீண்ட நேரச் சூட்டில் அது ஜெலட்டினாகக் கரைந்து தண்ணீரில் இறங்கும். கூடவே கொழுப்பும் உருகி மேலே மிதக்கும். தீ சின்னதாக இருந்தால் கொழுப்பு மேலேயே தங்கும், கீழே சூப் தெளிவாக இருக்கும். தளதளவென்று புரண்டு கொதித்தால் அந்தக் கொழுப்பு கண்ணுக்குத் தெரியாத துளிகளாக உடையும். ஜெலட்டின் அந்தத் துளிகளைச் சூழ்ந்துகொண்டு மறுபடி ஒன்றுசேர விடாது. துளிகள் ஒளியைச் சிதறடிப்பதால் சூப் வெள்ளையாகத் தெரிகிறது. பால் வெள்ளையாக இருப்பதற்கும் பெரும்பங்கு இதுதான் காரணம். ஆகவே வெள்ளைக்கு மூன்று வேண்டும்: ஜெலட்டின், கொழுப்பு, புரளும் கொதி. ஒன்று குறைந்தாலும் நிறம் வராது.

டீத்தண்ணி போல வந்தது என்றால் தீ குறைவு, அல்லது கொழுப்பு மொத்தத்தையும் முன்கூட்டியே வழித்துவிட்டீர்கள். நுரையும் கொழுப்பும் ஒன்றல்ல. நுரை சாம்பல் நிறத்தில் பஞ்சு போலத் திரளும், அதை எடுக்க வேண்டும். கொழுப்பு பொன்னிற வட்டங்களாக மிதக்கும், அதை வெள்ளை வரும்வரை விட்டுவைக்க வேண்டும். மிஞ்சிய கொழுப்பை ஆறியபின் எடுக்கலாம்.

இன்னொன்று, வாலில் மட்டும் அடர்ந்த வெள்ளை வருவது கடினம். மஜ்ஜையுள்ள கால் எலும்பு, அதாவது நம் கறிக்கடையில் நல்லி எலும்பு என்று கேட்பது, அரை கிலோ சேர்த்தால் வித்தியாசம் உடனே தெரியும். கொரியர்கள் இதை ‘சாகோல்’ என்கிறார்கள். வாலைப் போலவே அதையும் ஊறவைத்து, முதல் கொதி கொட்டிக் கழுவித்தான் சேர்க்க வேண்டும். கால் எலும்பில் இரத்தம் அதிகம், அதனால் ஊறல் ஐந்தாறு மணி நேரம்.

சாம்பல் நிறம் வந்ததற்குக் காரணம் நேர் எதிரானது. கொதி சரியாகப் புரண்டிருக்கிறது, ஆனால் இரத்தமும் நுரையும் முழுதாகப் போகுமுன்பே புரண்டுவிட்டது. கொழுப்போடு சேர்ந்து அழுக்கும் தூளாகிக் கலந்துவிட்டால் பிறகு எந்தத் துணியில் வடித்தாலும் வராது. நுரை அடங்கும்வரை நடுத்தரத் தீ, அதற்குப் பிறகுதான் பெருந்தீ. இந்த வரிசை மாறக் கூடாது.

வெங்காயத்தைத் தோலோடு போட்டாலும், சோயா சாஸை முதலிலேயே ஊற்றினாலும் பழுப்பு ஏறும். வெள்ளைக்காகப் பாலோ பால் பவுடரோ சேர்க்கச் சொல்பவர்கள் உண்டு. செய்யாதீர்கள். நிறம் வரும், ஆனால் நாக்கில் பால் வாடை நிற்கும், உதட்டில் ஒட்டும் அந்தப் பிசுபிசுப்பு வராது. சூப் நன்றாக இறங்கியிருக்கிறதா என்பதை அந்தப் பிசுபிசுப்பு சொல்லிவிடும்.

தெளிவாக வந்ததைத் தோல்வி என்று நினைக்கவும் வேண்டாம். கொரியாவிலேயே வால் சூப்பைத் தெளிவாகப் பரிமாறும் கடைகளும் வெள்ளையாகப் பரிமாறும் கடைகளும் இருக்கின்றன. எது வேண்டும் என்று முதலிலேயே முடிவு செய்துகொண்டு தீயை வையுங்கள்.

‘கோம்’ என்றால் கொரிய மொழியில் கரடி என்கிறார்களே? இதற்கும் சொல்லோங்தாங்குக்கும் என்ன வேறுபாடு? (வாசகி, கோலாலம்பூர்)

கரடிக்கும் அதே எழுத்துதான், ஆனால் சொல் வேறு. ‘கோதா’ என்றால் சத்து இறங்கும்வரை நெடுநேரம் காய்ச்சுவது. அதிலிருந்து வந்தது ‘கோம்’. ‘தாங்’ என்பது சூப். கோம்தாங் என்றால் நெடுநேரம் காய்ச்சிய சூப், அவ்வளவுதான். உணவுப் பட்டியல்களில் இதைக் ‘கரடி சூப்’ என்று மொழிபெயர்த்த பிழை கொரியாவில் பலமுறை பேசப்பட்டது.

பொதுவாகக் கோம்தாங் இறைச்சியை முதன்மையாக வைத்துக் காய்ச்சுவது. தென் சொல்லா மாகாணத்து நாஜு நகரின் கோம்தாங் கண்ணாடி போலத் தெளிவாக இருக்கும். சொல்லோங்தாங் கால் எலும்பை முதன்மையாக வைத்துப் பால் நிறம் வரும்வரை கொதிப்பது, தலைநகர் சியோலுக்குப் பேர்பெற்றது. கொரியாவை முன்பு ஆண்ட ஜொசொன் மரபின் அரசர்கள் சொன்னோங்தான் என்ற பலிபீடத்தில் நல்ல விளைச்சலுக்காக வழிபட்ட பின் மக்களுக்கு இந்தச் சூப் வழங்கப்பட்டது, அதனால் இந்தப் பெயர் என்ற கதை அங்கே எல்லோருக்கும் தெரியும். இறைச்சிச் சாற்றைக் குறிக்கும் மங்கோலியச் சொல்லிலிருந்து வந்தது என்பாரும் உண்டு. கோரி கோம்தாங் இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. வாலில் கறியும் உண்டு, எலும்பும் உண்டு.

ஆட்டுக்கால் சூப்புக்குப் போடுவது போல மஞ்சள், சீரகம், பட்டை போட்டுத் தாளித்தால் வாடை போகுமே? (வாசகர், மதுரை)

போகாது, மறையும். கவிச்சி எங்கிருந்து வருகிறது என்று பார்த்தால் இது விளங்கும். எலும்பில் தங்கிய இரத்தம், காற்றுப்பட்டு மங்கிய பழைய கொழுப்பு, கொட்டாமல் விட்ட முதல் கொதித் தண்ணீர். பாயாவில் மசாலா முன்னால் நிற்கும், வாடை பின்னால் ஒளிந்துகொள்ளும். இந்தச் சூப்பில் ஒளிய இடமில்லை. அதனால்தான் கழுவுவதற்கு இவ்வளவு நேரம் செலவாகிறது.

வாடை இன்னும் இருக்கும் என்று பயந்தால் முதல் கொதித் தண்ணீரில் மட்டும் நசுக்கிய இஞ்சி, இரண்டு பிரியாணி இலை, கிடைத்தால் கால் கப் அரிசி ஒயின் சேருங்கள். அந்தத் தண்ணீரைக் கொட்டத்தானே போகிறோம். மஞ்சள் வேண்டவே வேண்டாம், நிறமும் போய் மணமும் மாறிவிடும். பட்டை, சோம்பு போட்டால் அது நல்ல சூப்பாக இருக்கலாம். ஆனால் வேறு சூப்.

நான்கு மணி நேரம் கேஸ் எரிக்க மனம் வரவில்லை. குக்கரில் செய்யலாமா? (வாசகி, கோயம்புத்தூர்)

தாராளமாக. ஊறல், முதல் கொதி, கழுவல் மூன்றையும் மட்டும் குறைக்காதீர்கள். ஐந்து லிட்டர் குக்கரில் ஒரு கிலோ வால், இரண்டு லிட்டர் தண்ணீர். மூன்றில் இரண்டு பங்குக்கு மேல் நிரப்பக் கூடாது. வெயிட் போடுமுன் திறந்து வைத்தே கொதிக்கவிட்டு நுரையை எடுத்துவிடுங்கள். நுரையோடு மூடினால் அது ஆவி போகும் துளையை அடைக்கும். முதல் விசிலுக்குப் பின் சிம்மில் நாற்பத்தைந்து நிமிடம். அழுத்தம் தானாக இறங்கட்டும். அவசரப்பட்டு வெயிட்டைத் தூக்கினால் உள்ளே சட்டென்று பொங்கிக் கறி சிதையும்.

குக்கருக்குள் வெப்பம் 120 டிகிரி செல்சியஸை நெருங்குவதால் கறி சீக்கிரம் வெந்துவிடும், ஜெலட்டினும் நன்றாக இறங்கும். ஆனால் அழுத்தம் நிலையாக இருக்கும்போது உள்ளே பெரிதாகப் புரளல் இருக்காது. அதனால் சூப் தெளிவாகத்தான் வரும். வெள்ளை வேண்டுமானால் கறித் துண்டுகளை வெளியே எடுத்துவிட்டு, கழற்றிய எலும்புகளோடு திறந்த பாத்திரத்தில் பெருந்தீயில் நாற்பது நிமிடம் புரளவிடுங்கள். மின்சார ஸ்லோ குக்கரிலும் இதே நிலைதான், தெளிவான சூப் கிடைக்கும், வெள்ளை கிடைக்காது.

ஒரே பானையில் சில துண்டுகள் கரைந்துவிட்டன, சில ரப்பர் போல இருக்கின்றன. (வாசகர், டொரன்டோ)

வால் அடியில் தடிமன், நுனியில் விரல் அளவு. இரண்டையும் ஒரே நேரத்தில் எடுத்தால் இப்படித்தான். நுனித் துண்டுகளை இரண்டு மணி நேரத்தில் பாருங்கள், நடுத்துண்டுகளை இரண்டே முக்காலில், அடித்துண்டுகளை மூன்றரையில். சாப்ஸ்டிக்கையோ கரண்டிக் காம்பையோ கறிக்குள் குத்தித் திருப்பினால் எலும்பிலிருந்து விலக வேண்டும், ஆனால் தானாகக் கழன்று விழக் கூடாது. அந்த நிலையில் எடுத்து, ஒரு கரண்டி சூப் ஊற்றி, மூடி வையுங்கள். காற்றில் விட்டால் மேற்பரப்பு காய்ந்து கறுக்கும்.

ரப்பர் போல இருக்கிறது என்றால் அதிகம் வெந்துவிட்டது என்று பலர் நினைத்து அடுப்பை அணைக்கிறார்கள். வாலைப் பொறுத்தவரை பெரும்பாலும் அது இன்னும் வேகவில்லை என்றுதான் பொருள். இன்னும் அரை மணி நேரம் கொடுங்கள்.

இங்கே கறிக்கடையில் வாலைக் கத்தியால் கொத்தித் தருகிறார்கள். எலும்புச் சில்லு பல்லில் அகப்படுகிறது. எப்படிக் கேட்டு வாங்குவது? (வாசகர், நாகர்கோவில்)

கொத்தச் சொல்லாதீர்கள், “மூட்டு மூட்டாகப் பிரித்துக் கொடுங்கள்” என்று கேளுங்கள். வால் எலும்பு ஒன்றோடொன்று குருத்தெலும்பால் இணைந்தது. விரலால் அழுத்திப் பார்த்தால் மேடும் பள்ளமும் தெரியும், மெத்தென்று இருக்கும் இடத்தில் கத்தியை வைத்தால் அழுத்தாமலேயே இறங்கும். முழு வாலாக வாங்கிவந்து வீட்டிலும் பிரிக்கலாம். நுனிக்குப் போகப்போக மூட்டுகள் நீண்டு ஒல்லியாகும், அங்கே பிரிக்காமல் விட்டாலும் பரவாயில்லை. ரம்பத்தில் அறுத்த துண்டு கிடைத்தால் அறுத்த முகத்தில் எலும்புத் தூள் ஒட்டியிருக்கும், அதைத் தேய்த்துக் கழுவ வேண்டும்.

கடையில் கிடைப்பது எருமை வாலாகவோ வயதான மாட்டின் வாலாகவோ இருந்தால் இன்னும் ஒரு மணி முதல் ஒன்றரை மணி நேரம் கூடுதலாக வையுங்கள். வயது ஏற ஏற கொலாஜன் இறுகிப்போகும், கரைய நேரமாகும். எருமைக் கறி கொஞ்சம் கறுப்பாக இருக்கும், ஊறலில் ஒரு தண்ணீர் கூடுதலாக மாற்றினால் போதும். ஆனால் சூப்பின் கனத்தில் அது குறை வைக்காது.

சிங்கப்பூரில் ஒரு கொரிய உணவகத்தில் உப்பே இல்லாமல் கொண்டுவந்து வைத்தார்கள். மறந்துவிட்டார்களா? (வாசகி, சிங்கப்பூர்)

மறக்கவில்லை. மேசையில் ஒரு சின்னக் கிண்ணத்தில் கல் உப்பும் மிளகுத்தூளும் நறுக்கிய வெங்காயத்தாளும் இருந்திருக்குமே, அவற்றை நீங்களே போட்டுக்கொள்ள வேண்டும். முதலில் ஒரு வாய் சூப்பை அப்படியே குடித்துப் பாருங்கள். பிறகு அரை லிட்டர் கிண்ணத்துக்கு அரைத் தேக்கரண்டி உப்பில் தொடங்கி, கலக்கி, ருசி பார்த்து ஏற்றுங்கள். கையோடு ஒரு பிடி தாள்.

பானையில் போடாததற்குக் காரணம், தண்ணீர் வற்றிக்கொண்டே இருப்பது. முதல் மணியில் சரியாக இருந்த உப்பு நான்காம் மணியில் கரிக்கும், அடுத்த நாள் மறுகொதியில் வாயில் வைக்க முடியாது. மேலும் ஒருவர் சோற்றை முழுதாகச் சூப்பில் கவிழ்ப்பார், இன்னொருவர் தனியாக உண்பார். காரம் பிசறிப் புளிக்கவைத்த முள்ளங்கிக் கிம்ச்சியின் சாற்றைச் சூப்பில் ஊற்றிக்கொள்வதும் அங்கே வழக்கம், அதிலும் உப்பு இருக்கிறது.

கறியைத் தொட்டுக்கொள்ள ஒரு சாஸ்: சோயா சாஸ் மூன்று மேசைக்கரண்டி, வினிகர் ஒன்று, சூப்பே ஒன்று, சர்க்கரை ஒரு தேக்கரண்டி, நறுக்கிய தாள், கொஞ்சம் மிளகாய்த் தூள். கடுகுத் தூளை வெதுவெதுப்பான தண்ணீரில் குழைத்துப் பத்து நிமிடம் மூடி வைத்து அரைத் தேக்கரண்டி கலந்தால் மூக்கில் ஏறும். கொதிநீரில் குழைத்தால் கடுகின் காரம் எழாது.

பழைய கடைகளில் ‘தோர்யோம்’ என்று ஒரு வேலை செய்வார்கள். கிண்ணத்தில் ஆறிய சோற்றை வைத்து, கொதிக்கும் சூப்பை ஊற்றி, கரண்டியால் சோற்றை அணைத்துக்கொண்டே சூப்பைப் பானைக்கே வடித்து, மறுபடி ஊற்றி, மறுபடி வடித்து, நான்கைந்து தரம். பருக்கைக்குள் சூப் ஏறும், சோறும் சூடாகும், சூப்பும் நாக்கைச் சுடாத பதத்துக்கு வரும். மின்சாரச் சோற்றுப் பானை வருவதற்கு முந்தைய காலத்து வழக்கம், ஆனால் இன்றும் ருசி அதில்தான். வீட்டில் செய்ய அங்கத்திய குட்டை அரிசி கிடைக்காவிட்டால் பச்சரிசியைச் சற்றுக் குழைய வடியுங்கள். புழுங்கலரிசி தனித்தனியாக நிற்கும், சூப்பை உள்ளே வாங்காது. பரிமாற அவர்கள் வைத்திருப்பது ‘துக்பேகி’ என்னும் கனமான மண்கிண்ணம். வீட்டில் கல்சட்டி இருந்தால் அதைச் சிறுதீயில் மெல்லச் சூடாக்கிப் பயன்படுத்துங்கள், கடைசி வாய் வரை சூடு நிற்கும்.

கூட வைத்துக்கொள்ளும் முள்ளங்கிக் கிம்ச்சி, ‘கக்துகி’, நம் முள்ளங்கியில் வருமா? (வாசகி, புதுச்சேரி)

வரும். கொரிய முள்ளங்கி குட்டையாக, தடியாக, இனிப்பாக இருக்கும். நம்முடையதில் தண்ணீரும் காரமும் அதிகம். தடித்ததாக, தட்டினால் கெட்டியாக ஒலிப்பதாகத் தேர்ந்தெடுங்கள். ஒரு கிலோவை இரண்டு சென்டிமீட்டர் சதுரமாக வெட்டி, ஒன்றரை மேசைக்கரண்டி கல் உப்பும் ஒரு மேசைக்கரண்டி சர்க்கரையும் பிசறி ஒரு மணி நேரம் வையுங்கள். இறங்கிய தண்ணீரை வடியுங்கள், துண்டுகளைக் கழுவ வேண்டாம். மிளகாய்த் தூள் நான்கு மேசைக்கரண்டி, அரைத்த பூண்டு ஒன்றரை, மீன் சாஸ் இரண்டு, துருவிய இஞ்சி ஒரு தேக்கரண்டி, நறுக்கிய தாள் ஒரு பிடி. முதலில் மிளகாய்த் தூளை மட்டும் பிசறிப் பத்து நிமிடம் விட்டால் நிறம் பிடிக்கும், பிறகு மற்றவை.

மிளகாய்த் தூள் கொரியாவின் ‘கோச்சுகாரு’வாக இருந்தால் நல்லது. ஶ்ரீபெரும்புதூர்ப் பக்கம் 1998இல் ஹூண்டாய் கார் உற்பத்தி தொடங்கிய பிறகு கொரியர்கள் கணிசமாகக் குடியேறியதால் சென்னையில் கொரிய மளிகைக் கடைகள் இருக்கின்றன, அங்கே கிடைக்கும். இல்லையென்றால் காஷ்மீரி மிளகாயை விதை நீக்கிக் கொரகொரப்பாகப் பொடியுங்கள். குண்டூர் மிளகாய் நான்கு கரண்டி போட்டால் யாராலும் சாப்பிட முடியாது.

டப்பாவில் மூன்றில் இரண்டு பங்கு மட்டும் நிரப்புங்கள், புளிக்கும்போது சாறு மேலேறும். நம் வெப்பத்தில் வெளியே பன்னிரண்டு மணி நேரம் போதும், பிறகு குளிர்பெட்டியில். நான்காம் நாள் சூப்புக்குச் சரியான புளிப்பில் இருக்கும்.

எலும்பு சூப் குடித்தால் மூட்டுவலி போகும், கால்சியம் கிடைக்கும் என்று அம்மாவுக்குச் செய்து தர நினைக்கிறேன். (வாசகர், தஞ்சாவூர்)

அன்போடு செய்து கொடுங்கள், ஆனால் மருந்தாக அல்ல. கொதிநீரில் எலும்பின் கால்சியம் கரைவது மிகக் குறைவு. ஒரு டம்ளர் பாலில் கிடைப்பதில் சிறு பங்குதான் வரும். ஜெலட்டின் வயிற்றில் மற்றப் புரதங்களைப் போலவே செரித்துப் பிரியும், நேரே முட்டிக்குப் போய்ச் சேராது. கொரியாவில் நோயிலிருந்து எழுந்தவர்களுக்கும் களைத்தவர்களுக்கும் இதைக் கொடுப்பது பழைய வழக்கம். சூடாக, மென்மையாக, கறியோடும் சோற்றோடும் வயிறு நிறைய இறங்குவதால் தெம்பு வருவது உண்மைதான். அம்மாவுக்கு யூரிக் அமிலக் கோளாறோ சிறுநீரகக் கோளாறோ இருந்தால் மருத்துவரைக் கேட்காமல் கொடுக்க வேண்டாம்.

ஒரு தரம் காய்ச்சிய எலும்பை மறுபடி காய்ச்சலாமா? (வாசகி, சேலம்)

காய்ச்சலாம், காய்ச்சத்தான் வேண்டும். கறியைக் கழற்றிய வால் எலும்பையும் நல்லி எலும்பையும் மூன்று லிட்டர் புதுத் தண்ணீரில் நான்கு மணி நேரம் பெருந்தீயில் வையுங்கள். முதல் காய்ச்சலில் மணம் அதிகம், இரண்டாவதில் வெள்ளை அதிகம். இரண்டையும் கலந்து ஒரு கொதி விட்டால் ஒவ்வொரு கிண்ணமும் ஒரே ருசியாக இருக்கும். நல்லி எலும்பு மூன்றாம் காய்ச்சலையும் தாங்கும், வால் எலும்பு தாங்காது. ஒரே விஷயத்தைத் திரும்பத் திரும்பப் பயன்படுத்துபவரைக் கொரியர்கள் கால் எலும்பைக் காய்ச்சுவதோடு ஒப்பிட்டுத்தான் பேசுவார்கள்.

காலையில் பார்த்தால் சூப் ஜெல்லி போல உறைந்து, மேலே வெள்ளை ஏடு. கெட்டுவிட்டதா? எத்தனை நாள் வைக்கலாம்? (வாசகர், திருநெல்வேலி)

குளிர்பெட்டியில் இருந்தது என்றால், அது நன்றாக வந்ததற்கு அடையாளம். ஜெலட்டின் குளிரில் உறையும், சூட்டில் இளகும். மேலே உள்ளது கொழுப்பு, கத்தியால் பெயர்த்தால் தட்டாக வரும். ஒரு மேசைக்கரண்டி விட்டு மீதியை எடுத்துவிடுங்கள்.

இரவு முழுதும் அடுப்பிலேயே இருந்து காலையில் பார்த்தீர்கள் என்றால் கொட்டிவிடுங்கள். இதைக் கண்டிப்பாகச் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் இந்தச் சூப்பில் நேரும் பெரிய ஆபத்து இதுதான். பெரிய பானை ஆற மணிக்கணக்காகும். கிளாஸ்ட்ரிடியம் பெர்ஃப்ரிஞ்சன்ஸ் என்ற நுண்ணுயிரின் விதைகள் கொதியிலும் சாகாமல் அடியில் தங்கி, பானை வெதுவெதுப்பாக ஆறும் நேரத்தில் முளைத்து வேகமாகப் பெருகும். வாசனையில் எதுவும் தெரியாது, வயிற்றுப்போக்கில்தான் தெரியும்.

அடுப்பை அணைத்ததும் எலும்பை எடுத்துவிட்டு, சூப்பை நான்கைந்து அகலப் பாத்திரங்களில் பிரியுங்கள். சமையலறைத் தொட்டியில் ஐஸ் தண்ணீர் நிரப்பி அவற்றை அதில் நிறுத்திக் கலக்கிவிடுங்கள். இரண்டு மணி நேரத்துக்குள் குளிர்பெட்டிக்குள் போய்விட வேண்டும். அங்கே மூன்று நாள். அதற்கு மேல் என்றால் ஒருவருக்கான அளவாக, அரை லிட்டர் டப்பாக்களில் உறைய வைத்தால் இரண்டு மாதம் தாங்கும். விளிம்பு வரை நிரப்பாமல் இரண்டு விரல் இடம் விடுங்கள், உறையும்போது விரிந்து டப்பா வெடிக்கும். கறியைச் சூப்பில் மூழ்க வைத்தே உறைய வையுங்கள், தனியாக வைத்தால் சக்கையாகும். வேண்டும்போது எடுத்துப் புரளக் கொதிக்கவிட்டு, அரிசி மாவில் செய்த வில்லைகளைப் போட்டால் கொரியர்கள் புத்தாண்டில் உண்ணும் தொக்குக் ஆகிவிடும். நூடுல்ஸ் சேர்ப்பதானால் தனியாக வேகவைத்துக் கழுவிப் போடுங்கள், சூப்பிலேயே வேகவைத்தால் அதன் மாவு இறங்கிச் சூப் கூழாகிவிடும்.